புஜி

பத்தொன்பது வருடம்
கேட்பதற்காக எனக்குச் சம்பளம் கொடுத்தார்கள்.
பூர்சா நகரில், உலுதாவ் மலையின் பனி தெரியும் ஷெட்டில்
நிமிடத்துக்கு ஓர் எஞ்சின்
என் முன்னால் வந்து நிற்கும்,
இருமும், எரியும்.
வால்வு மயிரிழை தளர்ந்திருந்தால்
தேநீர்க் குவளையில் கரண்டி சுற்றும்.
பேரிங் கெட்டிருந்தால்
கஷ்கொட்டை வறுபடும்.
சிவப்பு அட்டை ஒட்டுவேன்.
முக்கெர்ரெம் ஒட்டினால் ஒட்டியதுதான்;
மேலாளர் பஹ்தியார்கூட வாதாட வரமாட்டார்.

வாசலில் ஒரு நாய்.
புஜி என்று பெயர் வைத்தவள் சபஹத்.
புஜி என்றால் எங்கள் பேச்சில் ஸ்பார்க் பிளக்.
எந்த வண்டி யாருடையது என்று
வளைவு திரும்பும் முன்பே அதற்குத் தெரியும்.
எழுந்து வழிவிடும்,
பஹ்தியாரின் டீசலுக்கு மட்டும் குரைத்துவிட்டு.

பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை
காதும் காதும் வைத்தாற்போல்
எங்கள் கூடத்தை மூடினார்கள்.

அன்று இரவு தொலைக்காட்சியில்
நம் நாட்டின் மின்சாரக் கார் என்று கொடிகள் பறந்தன.
ஒலிவத் தோப்புகளைத் தாண்டி, கடலோரம்
புதிய ஆலை.
பதினான்கு பேர் விண்ணப்பித்தோம்.
படிவத்தில் ஒரு சிறிய கட்டம்: உங்கள் திறன்.
‘நாம் என்ன, வெறும் காதுதானே’ என்று
பேருந்தில் சொல்லிச் சிரித்தாள் சபஹத்.
சொன்னவள், ‘பொறுமை’ என்று எழுதிக் கொடுத்தாள்.
நான் ‘காது’ என்று எழுதினேன்.

ஓர்சுன் என்ற இளம் பொறியாளன்
எதிரொலி இல்லாத ஓர் அறைக்குள் அழைத்துப் போனான்.
சுவரெங்கும் பஞ்சு முட்கள்.
என் ரத்தம் ஓடுவது எனக்கே கேட்டது.
காரில் உட்காரச் சொன்னான்.
‘கிளப்பிவிட்டேன்.’
‘எப்போது?’
‘ஓடிக்கொண்டிருக்கிறதே.’

யாரும் அழாத சாவு வீடு மாதிரி இருந்தது.
பாதம் தேடியது, தொடை தேடியது,
பத்தொன்பது வருட அதிர்வை
எங்கே வைத்தேன் என்று.

பிறகு கேட்டது.
இடது பின்கதவுக்குள் ஒரு சிள்வண்டு.
உறையைக் கழற்றிப் பார்த்தோம்:
பருப்பளவு பிளாஸ்டிக் கொக்கி,
பாதி பொருந்தி, பாதி பொருந்தாமல்.
எஞ்சின் உறுமிய காலம் முழுக்க
அதன் அடியில் வாய்மூடிக் கிடந்த கிறீச்சுகள் எல்லாம்
மாமனார் போனபின் பேச ஆரம்பித்த மருமகள்கள்போல
இப்போது பேசுகின்றன.
வாங்கியவர்கள் புகார் எழுதுகிறார்கள்,
என் காருக்குள் ஏதோ இருக்கிறது,
இரவில் எண்பதில் போனால் முனகுகிறது என்று.

வேலை கிடைத்தது.
ஒரு காது போதும் என்றார்கள்.

சபஹத் இப்போது பார்சல் கம்பெனியில்
போன் எடுக்கிறாள்.
அவள் காது என்னுடையதைவிட மேல்;
பத்து எஞ்சின் ஓடும்போது
கூரைமேல் மழை விழ ஆரம்பித்ததைச் சொல்வாள்.
எப்படி உன்னை மட்டும் எடுத்தார்கள் என்று கேட்டாள்.
அதிர்ஷ்டம் என்றேன்.
அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் எதுவும் பேசவில்லை.
அவளுக்குக் கேட்டிருக்கும்.

புஜியை ஷிஃப்ட் பேருந்துக்காரர்
இங்கே கொண்டுவந்து விட்டிருக்கிறார்.
சோதனைச் சாலையின் நட்ட நடுவில் படுத்துக்கொள்கிறது.
கார்கள் ஒரு சாண் தூரத்தில் நிற்கின்றன;
அதற்குத் தெரிவதில்லை.
ஓட்டுநர் இறங்கி
இரண்டு கையாலும் தூக்கி ஓரத்தில் வைக்க வேண்டும்.

நேற்று தூக்கியது நான்.
விலாவில் காது பட்டது.
ஐந்தாறு துடிப்புக்கு ஒருமுறை
நடுவில் ஒரு தட்டு.

கை தானாகச் சட்டைப்பைக்குப் போனது.
இங்கே அட்டைகள் இல்லை,
எல்லாம் திரையில்தான் பதிய வேண்டும்.
பின்னால் ஒரு கார்
எப்போதிலிருந்து காத்திருந்ததோ,
விளக்கை ஒருமுறை சிமிட்டியது.